கன்னடத்துப் பைங்கிளியின் சொந்தக் குரல்

ஓசூர் சிப்காட்டை ஒட்டிய ஒரு தேநீர்க் கடையில், இரவு ஷிப்ட் முடிந்து வரும் தொழிலாளருக்கு நெடுங்காலமாகத் தேநீர் ஆற்றிக் கொடுத்துவரும் மூதாட்டி ஒருவர் இருக்கிறார். வீட்டில் தெலுங்கும், சந்தையில் கன்னடமும், கல்லாவில் தமிழுமாகப் பேசிப் பழகியவர். 2025 ஜூலை 14ஆம் தேதி, நடிகை பி. சரோஜாதேவி காலமான செய்தி கடைத் தொலைக்காட்சியில் ஓடியபோது, கையிலிருந்த வடிகட்டியைக் கீழே வைத்துவிட்டு, "நம்ம ஊர்ப் பேச்சு பேசினவங்க போயிட்டாங்களே, சாமி" என்றார். சரோஜாதேவி பெங்களூரில் பிறந்தவர். ஓசூருக்கும் அவருக்கும் ஜனன சம்பந்தம் ஏதுமில்லை. ஆயினும் அந்த மூதாட்டியின் வாக்கில் இருந்த சத்தியம், அன்று நான் படித்த அஞ்சலிக் கட்டுரைகள் எதிலும் எனக்குக் கிடைக்கவில்லை.

1938 ஜனவரி 7ஆம் தேதி, போலீஸ் உத்தியோகத்திலிருந்த பைரப்பாவின் மகளாகப் பிறந்து, 1955இல் 'மகாகவி காளிதாச' என்னும் கன்னடப் படத்தில் அறிமுகமாகி, 'தங்கமலை ரகசியம்' படத்தின் ஒரு நடனத்தில் தமிழ் ரசிகர்களுக்கு முகம் காட்டிய அந்த இளம்பெண்ணை, எம்.ஜி.ஆர். தாமே தயாரித்து இயக்கிய 'நாடோடி மன்னன்' 1958இல் தமிழ்நாடெங்கும் கொண்டு சேர்த்தது. முன்பாதி கறுப்பு வெள்ளையாக ஓடிய அந்தப் படம் பின்பாதியில் வர்ணத்துக்கு மாறுகிறது. அந்த வர்ணத்தோடு சரோஜாதேவியும் வருகிறார். மறு ஆண்டே ஸ்ரீதரின் 'கல்யாணப் பரிசு', சிவாஜியோடு 'பாகப்பிரிவினை', இந்தியில் 'பைகாம்'. 1961இல் தாய்மொழியில் 'கித்தூர் சென்னம்மா'. நான்கு மொழிகளில் கதாநாயகியாக விளங்கியவர் என்று ஒரு வரியில் சொல்லிவிடலாம். நான் சொல்ல விரும்புவது அவருடைய குரலைப் பற்றி.

அது வசனங்கள் ஆட்சி செய்த காலம். 'பராசக்தி'க்கும் 'மனோகரா'வுக்கும் பிறகு, நடிப்பின் பாதிப் பெருமை நாவன்மைக்கே உரியது என்று ஜனங்கள் தீர்மானித்திருந்த காலம். கண்ணாம்பாவும் பானுமதியும் கணீரென்று முழங்கிய அந்தச் சபையிலே, ழகரம் சற்றே குழைய, சொல்லின் கடைசி அசை நீள, கன்னட வாசனை வீசும் தமிழோடு வந்து நின்றார் இருபது வயதுப் பெண்ணொருத்தி. பாட்டுக்குப் பி. சுசீலாவின் குரலை இரவல் வாங்கிய தயாரிப்பாளர்கள், பேச்சுக்கும் வேறொருத்தியின் குரலை வாங்கியிருக்கலாம். அது பெரிய சிரமமும் அன்று. அவர்கள் அப்படிச் செய்யவில்லை என்பதைத் தமிழ் சினிமாவின் பாக்கியங்களில் ஒன்றாகவே நான் கருதுகிறேன். 1964இல் வெளியான 'புதிய பறவை'யில், காதலியைப் போல நடித்துக் குற்றவாளியின் நெஞ்சிலிருந்து வாக்குமூலத்தைப் பெற வந்த போலீஸ்காரி அவர். (போலீஸ்காரர் வீட்டுப் பெண்ணுக்கு அந்த வேடம் வாய்த்ததும் ஒரு பொருத்தமே.) "கோபால்" என்று அவர் அழைக்கிற அழைப்பிலே, முதல் எழுத்தில் ஓர் அழுத்தமும் கடைசி எழுத்தில் ஒரு குழைவும் சேர்ந்து வருகின்றனவே, அந்தக் குழைவை நம்பித்தான் கோபால் மட்டுமல்ல, கொட்டகையில் இருந்த நாமும் ஏமாந்தோம். தேர்ந்த தமிழ் உச்சரிப்பு அங்கே அந்தக் காரியத்தைச் செய்திருக்காது.

இத்தாலியில் இதே காலத்தில் நடந்ததை நினைத்துப் பார்க்கிறேன். சரோஜாதேவி பிறந்த அதே 1938இல், வட ஆப்பிரிக்காவின் துனிஸ் நகரத்தருகே, சிசிலியிலிருந்து குடியேறிய குடும்பமொன்றில் பிறந்தவர் கிளாடியா கார்டினாலே. பிரெஞ்சு பேசி வளர்ந்த பெண். 1957இல் ஓர் அழகுப் போட்டியில் வென்று, பரிசாக வெனிஸ் திரைப்பட விழாவுக்குப் போனவரை, சினிமா சுவீகரித்துக்கொண்டது. அவருடைய ரூபத்தைக் கொண்டாடிய இத்தாலியத் திரையுலகம், இத்தாலிய மொழியை அவர் உச்சரித்த விதத்தையும் அவருடைய கரகரத்த குரலையும் ஏற்கவில்லை. ஆண்டுக்கணக்கில் பிற பெண்களின் குரலிலேயே அவர் திரையில் பேசினார். உலகப் புகழ் பெற்ற விஸ்கோன்தியின் 'சிறுத்தை'யிலும் கேட்பது அவர் குரலன்று. ஃபெல்லினிதான் 1963இல், தம்முடைய 'எட்டரை' படத்தில், அவரைச் சொந்தக் குரலில் பேசவைத்தார். அந்தக் கார்டினாலேயும் 2025 செப்டம்பரில் மறைந்தார், சரோஜாதேவி போய் இரண்டு மாதங்கள் கழித்து. இத்தாலி தயங்கித் தயங்கித் தந்த அந்த உரிமையைத் தமிழ்நாடு ஒரு கன்னடப் பெண்ணுக்கு முதலிலேயே தந்ததோடு, 'கன்னடத்துப் பைங்கிளி' என்று அவருடைய பிறந்த மண்ணையே பட்டப்பெயராக்கி மகிழ்ந்தது. மொழிவாரி மாநிலங்கள் பிரிந்து, எல்லைகளைப் பற்றிய மனத்தாங்கல்கள் ஆறாத அந்த ஆண்டுகளில் இது நிகழ்ந்தது என்பதை மறந்துவிடலாகாது.

எல்லையில் வாழ்கிற எங்களுக்கு இது வெறும் சினிமா விஷயம் அன்று. 1956இல் கோடு போட்டவர்கள் ஓசூரைத் தமிழகத்தோடு வைத்தார்கள். ஆனால் தளியிலும் தேன்கனிக்கோட்டையிலும் பாகலூரிலும் மக்களின் நாக்குக்கு யாரும் கோடு போட முடியவில்லை. மூன்று மொழிகள் கலந்த இதே வட்டாரத்தின் தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜி, தெளிந்த தமிழ் வசனத்துக்கு ஓர் உதாரண புருஷராக விளங்கினார். பின்னர் அசோக் லேலண்டும் டி.வி.எஸ்ஸும் டைட்டனும் வந்தன. தென்மாவட்டங்களிலிருந்து பிழைக்க வந்தவர்கள் தங்கள் தமிழைக் கொண்டுவந்தார்கள். அதனால் இந்த மண்ணின் தமிழ் கேலிக்குரியதாயிற்று. சென்ற ஆண்டு இங்கே ஒரு பள்ளியின் பேச்சுப் போட்டிக்கு நடுவராகப் போயிருந்தேன். தெலுங்கு வீட்டுப் பெண்ணொருத்தி, வயது பதிமூன்று இருக்கும், காவிரியைப் பற்றி நன்றாகப் பேசிக்கொண்டு வந்தவள், ஒரு ழகரத்தில் இடறினாள். பிள்ளைகள் சிரித்தார்கள், முன்வரிசையில் பெரியவர்களும் சிரித்தார்கள். கையிலிருந்த காகிதத்தை நான்காக மடித்துக்கொண்டு அவள் மேடையை விட்டு இறங்கிப் போனாள்.

இன்றைய படங்களிலும் வெளிமாநிலத்து நடிகையரில் பலர் உதட்டை அசைக்கிறார்கள். பேச்சு வேறெங்கிருந்தோ வருகிறது. தமிழைக் கற்றுக்கொண்டு பேச முன்வருகிற நடிகைக்கு, அவள் உச்சரிப்பு எப்படி இருந்தாலும், அவள் வாயாலேயே பேச இடம் கொடுங்கள் என்று இயக்குநர்களைக் கேட்டுக்கொள்கிறேன். ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் பாடம் நடத்துகிற ஆசிரியப் பெருமக்களிடம் என் விண்ணப்பம் இன்னும் சிறியது: அந்தப் பெண்ணை மறுபடி மேடைக்கு அழையுங்கள், அவள் பேசி முடிக்கும்வரை யாரையும் சிரிக்க விடாதீர்கள்.