ஒரு கிழவியும் பல அரசர்களும்

ரஷ்யத் திரைப்படங்களின் பெயர்பெற்ற சூனியக் கிழவி பாபா யாகா ஓர் ஆண். பெயர் கியோர்கி மில்யார் (1903–1993). இந்த வாரம் கண்ணில் பட்ட ரஷ்யத் திரை மேதைகள் பட்டியல் ஒன்றில் ஐசன்ஸ்டைன் உண்டு, தார்கோவ்ஸ்கி உண்டு, மில்யார் இல்லை. பட்டியல் கிடக்கட்டும்.

தந்தை பிரெஞ்சுப் பொறியாளர். மகன் குழந்தையாக இருக்கும்போதே இறந்துவிட்டார். கருங்கடலோர கெலென்ஜிக் ஊர் நாடக அரங்கில் மில்யாருக்குக் கிடைத்தது மேடைச் சாமான்களைக் கவனிக்கும் வேலை. 1920இல் ஒரு நடிகை நோயில் படுக்க, அவருக்குப் பதிலாக சிண்ட்ரெல்லாவாக மேடையேறினார். ஆக, தொடக்கமே பெண் வேடம். பிறகு மாஸ்கோவின் புரட்சி நாடக அரங்கில் பயிற்சியும் நடிப்பும். 1938இல் அதை விட்டு முழுநேரமாகச் சினிமாவுக்கு வந்தார்.

அங்கே வாய்த்தவர் நாட்டார் கதைகளையே படமாக்கிவந்த இயக்குநர் அலெக்சாந்தர் ரோ. அவருடைய 16 படங்களில் சுமார் 30 வேடங்கள் மில்யாருக்கு. முதலில் ஓர் அசட்டு அரசன். அடுத்து ‘அழகி வசிலிசா’ படத்துக்குக் கிழவி தேவைப்பட்டாள். நடிகைகள் பலரைப் பார்த்தும் ரோவுக்குத் திருப்தியில்லை. மில்யார் தானே கேட்டு வாங்கிக்கொண்டார். தன்னை அவ்வளவு அவலட்சணமாகக் காட்டிக்கொள்ள எந்த நடிகையும் சம்மதிக்க மாட்டாள் என்பது அவர் சொன்ன காரணம். யால்டாவில் ஆடு மேய்த்த ஒரு மூதாட்டியின் கூனும் நடையும் அந்தக் கிழவிக்குள் புகுந்தன. அதன்பின் ஒரே கிழவியை அவர் திரும்பச் செய்யவில்லை என்பதுதான் வியப்பு. 1964இல் வந்த ‘மொரோஸ்கோ’வின் யாகா இடுப்பு வலியில் முனகும் பாட்டி, மிரட்டும்போதே பாவமாகவும் இருக்கிறாள். செக் தொலைக்காட்சியில் ஆண்டிறுதி விடுமுறைக்கு இன்றும் அந்தப் படம் தவறாமல் வருகிறது. 1968இல் வந்த ‘நெருப்பு, நீர், செப்புக் குழல்கள்’ படத்தில் யாகாவும் அவரே, நாட்டார் கதைகளின் சாவில்லாத வில்லன் கஷேயும் அவரே.

அந்தக் கஷேயை அவர் முதலில் ஏற்றது போர்க்காலத்தில். மலேரியாவில் எலும்பும் தோலுமாகிவிட்ட நடிகருக்கு ஒப்பனையே அதிகம் வேண்டியிருக்கவில்லை. படம் 1945இல் வெளிவந்தது. கோகோல் கதையின் சாத்தானுக்காக வட துருவ வட்டத்துக்கு அப்பால் பனியில் வாலோடு ஓடியதும் இவர்தான்.

1973இல் ரோ இறந்தார். பிறகு வந்தவை பெரும்பாலும் துண்டு வேடங்களும் கார்ட்டூன் குரல்களும். தளபதி சுவோரொவ், சீசர், வோல்தேர் ஆகிய வேடங்களுக்கு அவர் ஆசைப்பட்டிருந்தார், ஒன்றும் தேடிவரவில்லை. ரஷ்யக் குடியரசின் ‘மக்கள் கலைஞர்’ பட்டம் 1988இல் வந்தபோது வயது 80ஐத் தாண்டியிருந்தது. அரசாங்கத்துக்கும் அந்தப் பட்டியல்காரருக்கும் ஒரே கண்ணாடிதான் போலிருக்கிறது. 1993 ஜூனில் மாஸ்கோவில் காலமானார்.