வீடு ஒருவருக்கு, வரிசை ஊருக்கு!

"என் வீடு, என் இஷ்டம். இடிப்பேன், கட்டுவேன், அதைக் கேட்க நீ யார்?" என்று சொல்வது சுலபம். அயர்லாந்தின் தலைநகரான டப்ளினில் உள்ள மெரியன் சதுக்கத்தின் கதையைக் கேட்டவர்கள் அப்படிச் சட்டென்று சொல்லிவிட மாட்டார்கள்.

1714 முதல் 1830 வரை பிரிட்டிஷ் சிம்மாசனத்தில் ஜார்ஜ் என்ற பெயருள்ள நான்கு மன்னர்கள் ஒருவர் பின் ஒருவராக அமர்ந்தார்கள். அந்தக் காலத்துக் கட்டட முறைக்கு 'ஜார்ஜியன்' என்று பெயர். மெரியன் சதுக்கம் அதற்கு ஒரு நல்ல உதாரணம்.

1745ல் கில்டேர் பிரபு நகரின் ஓரத்தில் ஒரு பெரிய மாளிகை கட்டத் தொடங்கினார். லென்ஸ்டர் மாளிகை என்ற அந்தக் கட்டடத்தில்தான் இன்று அயர்லாந்தின் பார்லிமெண்டு கூடுகிறது. மாளிகை எழுந்ததும் அக்கம்பக்கத்து நிலத்துக்கு மவுசு பிறந்தது. நிலத்துக்குச் சொந்தக்காரரான பிட்ஸ்வில்லியம் பிரபு 1762ல் நடுவில் ஒரு தோட்டத்துக்கு இடம் விட்டு, மூன்று பக்கமும் மனைகளைப் பிரித்துக் குத்தகைக்கு விட்டார். மாளிகை நான்காவது பக்கமாயிற்று.

எளிமையே அழகு

இந்த வீடுகளில் ஆடம்பரம் கிடையாது. செங்கல் முகப்பு, சமையலறைக்கு நிலவறை, முதல் மாடியில் வரவேற்பு அறை. அங்கே ஜன்னல்கள் நெடியவை; மேலே போகப் போகக் குட்டையாகிவிடும். வாசல் கதவுக்கு மேலே விசிறி விரித்தாற் போல் ஓர் அரைவட்டக் கண்ணாடி. அவ்வளவுதான். ஆனால் இப்படிப்பட்ட வீடுகள் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும்போது, தனி வீட்டுக்கு இல்லாத கம்பீரம் தெருவுக்கு வந்துவிடுகிறது.

1801ல் அயர்லாந்து பிரிட்டனுடன் இணைக்கப்பட்டது. டப்ளின் பார்லிமெண்டு மறைந்தது; பிரபுக்கள் பலர் லண்டனுக்குப் போனார்கள். வக்கீல்களும் டாக்டர்களும் குடி வந்தார்கள். தேசத் தலைவர் டேனியல் ஓகானல் 58ம் எண் வீட்டில் வாழ்ந்தார். ஆஸ்கார் வைல்டு சிறு பிள்ளையாக வளர்ந்தது முதலாம் எண் வீட்டில். கவிஞர் யேட்ஸ் 82ம் எண் வீட்டில் இருந்தார்.

பூட்டுத் திறந்தது

நடுவில் இருந்த தோட்டம் மட்டும் நெடுங்காலம் பூட்டியே கிடந்தது. சுற்றிலும் குடியிருந்தவர்களிடம்தான் சாவி. மற்றவர்கள் இரும்பு வேலிக்கு வெளியே நிற்க வேண்டியதுதான். 1930ல் தேவாலயம் கட்டுவதற்காகக் கத்தோலிக்கத் திருச்சபை அந்த இடத்தை வாங்கியது. தேவாலயம் எழும்பவே இல்லை. 1974ல் அது நகர மக்களுக்குத் திறந்துவிடப்பட்டது. சிலருடையதாக இருந்தது எல்லோருடையதும் ஆயிற்று.

இதற்கு நேர்மாறான காரியமும் பக்கத்திலேயே நடந்தது. சதுக்கத்தின் கிழக்கு வரிசை அப்படியே பிட்ஸ்வில்லியம் தெருவாக நீண்டு செல்கிறது. அந்தத் தெருவில் அயர்லாந்து மின்சார வாரியத்துக்குப் பதினாறு வீடுகள் சொந்தம். 1960களில் அவற்றை இடித்துவிட்டு நவீன காரியாலயம் கட்ட வாரியம் முடிவு செய்தது. ஜனங்கள் எதிர்த்தார்கள். தனித்தனியாகப் பார்த்தால் அந்த வீடுகளில் பெரிய சிறப்பில்லை என்பது வாரியம் அழைத்து வந்த ஆங்கில நிபுணர் சர் ஜான் சம்மர்சனின் அபிப்பிராயம். பதினாறு வீடுகளும் போயின.

வாரியத்தின் பக்கத்திலும் நியாயம் இல்லாமல் இல்லை. நாடெங்கும் விளக்கேற்றும் ஸ்தாபனத்துக்குக் காரியாலயம் வேண்டாமா? "அந்நிய ஆட்சிக் காலத்துப் பிரபுக்கள் உண்டாக்கிய தெருவை நாம் ஏன் கட்டிக் காக்க வேண்டும்?" என்று கேட்ட தேசபக்தர்களும் உண்டு. ஆனால் நிலம்தான் பிரபுவினுடையது; செங்கல்லை அடுக்கிய உழைப்பு பிரபுவினுடையதல்ல. விடுதலைக்குக் குரல் கொடுத்த ஓகானல் வாழ்ந்ததும் இப்படி ஒரு வீட்டில்தானே!

நிபுணரின் வாக்கிலும் ஒரு பிழை உண்டு. மாலையில் ஒவ்வொரு பூவாக எடுத்து, "இதில் என்ன விசேஷம்?" என்று கேட்டால் எந்தப் பூ தேறும்? பல்வரிசையில் ஒன்று போனால் நஷ்டம் அந்தப் பல்லுக்கு மட்டுமா, முகத்துக்கா?

முடிவு என்ன ஆயிற்று? சுமார் அரை நூற்றாண்டு கழிந்ததும் அந்த நவீன காரியாலயத்தையே வாரியம் இடித்தது. அதே இடத்தில் செங்கல் முகப்பும் நெடிய ஜன்னல்களுமாக, பழைய வரிசைக்கு இசைவாக வேறொரு கட்டடம் எழுந்திருக்கிறது. தவறு உணரப்பட்டது நல்லதுதான். ஆனால் பதினாறு வீடுகள் திரும்பி வரவில்லை.

பழையது எல்லாவற்றையும் காப்பாற்ற முடியாது, காப்பாற்றவும் வேண்டியதில்லை. ஆனால் இடிப்பதற்குக் கடப்பாரையைத் தூக்குமுன் ஒரு கேள்வியைக் கேட்டாக வேண்டும்: "இந்தச் சுவர் என்னுடையதுதான், இதனால் தெருவுக்குக் கிடைக்கும் அழகும் என் ஒருவனுடையதுதானா?" வீட்டுப் பத்திரத்தில் அந்த அழகு எழுதப்படுவதில்லை. எழுதாத அந்தச் சொத்துக்கு ஊரார் அனைவரும் வாரிசு.