நிற்பதுதான் மரியாதையா?

பெரியோர் வரக் கண்டால் எழுந்து நிற்பது நம்மவர் பண்பாடு. அதனை எவரும் குறை கூறார். ஆயின், மரியாதையின் பெயரால் ஒருவரை நாள் முழுதும் நிற்க வைப்பது முறைதானா என்பதைச் சிந்தித்தல் வேண்டும்.

சென்ற பெருநாளுக்குத் துணி எடுக்கத் தியாகராய நகர் சென்றிருந்தேன். பல மாடிகள் கொண்ட கடை. சளைக்காமல் சேலைகளை விரித்துக் காட்டிய பெண்ணுக்கு என் மகள் வயதுதான் இருக்கும். ஒரு கணம் அலமாரியில் சாய்ந்தவள், மேற்பார்வையாளர் திரும்பியதும் நிமிர்ந்துகொண்டாள். அருகில் ஒரு முக்காலி இருந்தது. அதன்மேல் துணிக்கட்டுகள் அடுக்கப்பட்டிருந்தன. "சற்று உட்காரக்கூடாதா அம்மா?" என்றேன். "பழகிவிட்டது ஐயா" என்றாள்.

மனம் பழகலாம், உடல் பழகுவதில்லை. நடக்கும்போது கெண்டைக்கால் தசை சுருங்கி விரிந்து குருதியை மேலே செலுத்துகிறது. அசையாது நிற்கையில் குருதி காலிலேயே தேங்குகிறது. கால்வீக்கமும் இரத்தக் குழாய்ச் சுருட்டலும் இவ்வாறு வருவனவே.

இது வணிக மரபு என்பாரும் உளர். அன்று! முற்காலத்து ஜவுளிக் கடைகளில் வெள்ளை விரிப்பின்மேல் வணிகரும் வாங்குவோரும் எதிரெதிரே அமர்ந்தே விலை பேசினர். இன்றும் மயிலாப்பூர் மாட வீதிகளில் காய்கறியும் பூவும் விற்கும் தாய்மார் அமர்ந்தே விற்கின்றனர். அதனை அவமதிப்பு என்று கருதி நாம் திரும்பிச் செல்வதுண்டோ? ஆகவே, நிற்றல் நம் மரபன்று. பெருங்கடைகளோடு வந்த வழக்கம்.

இங்கிலாந்தில் 1899ஆம் ஆண்டிலேயே, கடைகளில் மூன்று பெண் பணியாளர்க்கு ஓர் இருக்கையேனும் வேண்டும் எனச் சட்டம் வந்தது. கேரளத்தில், கோழிக்கோட்டு மிட்டாய்த் தெருவில் தொடங்கிப் பெண் தொழிலாளர் எழுப்பிய குரல் 2018இல் சட்டத் திருத்தமாக மலர்ந்தது. தியாகராய நகர்க் கடைப் பணியாளர் வாழ்வை 'அங்காடித் தெரு' திரைப்படம் 2010இல் காட்டியபோது நாம் கண்ணீர் விட்டோம். 2021இல் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தில் 22-அ என்னும் பிரிவு சேர்க்கப்பட்டு, பணியாளர்க்கு இருக்கை வசதி கட்டாயமாக்கப்பட்டது.

சட்டம் முக்காலியைத் தரும். அதில் அமரும் துணிவைச் சமுதாயமே தரவேண்டும். பணியாளர் அமர்ந்தால் வாடிக்கையாளர் முகம் சுளிப்பர் என்கிறார் முதலாளி. அவ்வாடிக்கையாளர் நாமே அல்லவா? நம் மொழியையும் சற்றுச் செவிமடுப்போம். கடைக்காரரை 'அண்ணாச்சி', 'பாய்' என்று பன்மையில் விளிக்கும் நாம், அவர் கடைப் பணியாளரை 'அதை எடு, இதைக் காட்டு' என ஒருமையில் ஏவுகிறோம். பணிவுக்கு நாம் வைத்திருக்கும் தொடரே 'கைகட்டி நிற்றல்' அன்றோ?

நம் சமுதாயப் பெரியோருள் வணிகர் பலர். தம் கடை முக்காலிகளின்மேல் இருக்கும் கட்டுகளை அவர்கள் முதலில் இறக்கி வைக்கட்டும். மாணவச் செல்வங்களே! அடுத்த முறை கடைக்குச் செல்லும்போது, "நீங்கள் உட்கார்ந்தே காட்டுங்கள்" என்று ஒரு சொல் சொல்லுங்கள். உங்களுக்கு அதனால் இழப்பேதுமில்லை. காலையிலிருந்து நின்ற கால்களுக்கு அதுவே பெரும் பேறு.