154 என்ற எண்ணை யார் போட்டது?

1961இல் அமெரிக்க பேஸ்போலில் ஒரு சண்டை நடந்தது. நியூயோர்க் யாங்கீஸ் அணியின் ரொஜர் மாரிஸ், பேப் ரூத் 1927இல் அடித்த 60 ஹோம் ரன் சாதனையை நெருங்கிக்கொண்டிருந்தார். ரூத் ஆடியது 154 ஆட்டங்கள் கொண்ட சீசன். மாரிஸ் ஆடியது 162 ஆட்டங்கள் கொண்டது. அந்த வருசம்தான் அமெரிக்கன் லீக் சீசனை நீட்டியிருந்தது. பேஸ்போலின் ஆணையாளராக இருந்த ஃபோர்ட் ஃப்ரிக், 154 ஆட்டங்களுக்குள் அடித்தால்தான் ரூத்தின் சாதனையை முறியடித்ததாகக் கொள்ளலாம் என்று அறிவித்தார். (இந்த ஃப்ரிக், பத்திரிகையாளராக இருந்த காலத்தில் ரூத்தின் பெயரில் கட்டுரை எழுதிக் கொடுத்தவர். சும்மா ஒரு தகவலுக்குச் சொல்கிறோம்.) 154ஆவது ஆட்டம் முடியும்போது மாரிஸ் 59இல் நின்றார். 61ஆவதை சீசனின் கடைசி நாள் அடித்தார்.

எங்களுக்கு மாரிஸ் மேல் தனிப் பாசம் ஒன்றும் இல்லை. ஆனால் 154 என்ற எண்ணை ஏதோ வேதவாக்கு மாதிரிக் கதைக்கிறார்களே, அதுதான் எங்கட பிரச்சினை. அந்த எண் எங்கிருந்து வந்தது என்று தோண்டிப் பார்த்தால் ரயில் செலவு, கடன், ஞாயிற்றுக்கிழமைச் சட்டம், முதலாளிமாரின் கல்லாப்பெட்டி என்று கனக்க விசயம் வெளியே வருகுது. கலைப்பீடத்து ஆட்களுக்கு விளையாட்டுக் கணக்கில் என்ன வேலை என்று கேட்கலாம். நாட்காட்டியை யார் எழுதுகிறார்கள், யாருடைய நேரத்தை வைத்து எழுதுகிறார்கள் என்பது எங்கட பாடத்துக்குள் வருகிற கேள்விதான். பேஸ்போல் தெரியாதவர்கள் எல்லேயை மனதில் வைத்துக்கொண்டு வாசித்தால் போதும். விதிகள் இந்தக் கட்டுரைக்கு அவ்வளவு தேவைப்படாது.

முதல் தொழில்முறை அமைப்பு 1871 மார்ச்சில் நியூயோர்க்கில் உருவானது. சேர்வதற்குக் கட்டணம் 10 டொலர். கட்டினால் நீங்களும் நாட்டின் சாம்பியன் பட்டத்துக்குப் போட்டியிடலாம். அட்டவணை என்று ஒன்று இல்லை. ஒவ்வொரு கழகமும் மற்ற எல்லாக் கழகங்களோடும் ஐந்தில் மூன்றை வெல்லும் தொடர் ஒன்று ஆட வேண்டும், அவ்வளவுதான் தீர்மானம். எந்தத் திகதி, எந்த ஊர் என்பதை எல்லாம் கழகச் செயலாளர்கள் கடிதம் போட்டுப் பேசிக்கொள்ள வேண்டும். ஊர்க் கழகங்கள் ஒன்றோடொன்று மட்ச் பேசிக்கொள்கிற மாதிரி.

அந்த முதல் வருசமே குழப்பம். சிக்காகோ அணி பட்டத்துக்கு நெருக்கமாக வந்த நேரத்தில், ஒக்டோபரில் அந்த நகரத்தையே அழித்த பெருந்தீ அணியின் மைதானத்தையும் உடுப்பையும் எரித்துவிட்டது. மீதி ஆட்டங்களை இரவல் உடுப்போடு வெளியூர்களில் ஆடி, ஒக்டோபர் 30இல் பிலடெல்பியா அத்லெடிக்ஸிடம் தோற்றுப் பட்டத்தை இழந்தார்கள். அதற்குப் பிறகும் வாதம் ஓயவில்லை. பட்டம் அதிக ஆட்டம் வென்றவனுக்கா, அதிக தொடர் வென்றவனுக்கா? சீசன் முடிந்த பிறகு இருந்து யோசிக்கிற கேள்வியா இது!

1875 வந்தபோது நிலைமை இன்னும் மோசம். பொஸ்டன் 71 வெற்றி, 8 தோல்வி. அதே பட்டியலில் அயோவா மாநிலத்தின் கியோகக் என்ற சின்ன ஊரின் அணி 13 ஆட்டம் ஆடி, ஒன்றே ஒன்றை வென்று, ஜூனிலேயே கடையைப் பூட்டியது. புரூக்ளின் அட்லாண்டிக்ஸ் 2 வெற்றி, 42 தோல்வி. எண்பதுக்குக் கிட்ட ஆட்டம் ஆடின அணியையும் 13 ஆட்டத்தோடு போன அணியையும் ஒரே பட்டியலில் வைத்து என்னத்தை ஒப்பிடுவது? இதில் சின்னக் கழகங்களை மட்டும் குறை சொல்ல ஏலாது. தோற்றுக்கொண்டிருக்கிற அணிக்குத் தூரத்து நகரம் வரைக்கும் ரயில் ஏறுவது சுத்த நட்டம். வா என்று கட்டாயப்படுத்த ஆளும் இல்லை. கையில் காசு இல்லாதவன் வீட்டிலேயே நின்றுவிட்டான்.

இந்த இடத்தில்தான் வில்லியம் ஹல்பேர்ட் வருகிறார். சிக்காகோ அணியை நடத்தியவர், வியாபாரி. 1876 பெப்ரவரி 2ஆம் திகதி நியூயோர்க் ஹோட்டல் ஒன்றில் நஷனல் லீக்கைத் தொடக்கினார். எட்டுக் கழகங்கள். ஒவ்வொன்றும் மற்ற ஏழோடும் பத்துப் பத்து ஆட்டம், மொத்தம் 70. ஹல்பேர்ட் ஒன்றும் நியாயவான் கிடையாது. 1875 சீசன் நடந்துகொண்டிருக்கும்போதே, விதியை மீறி, பொஸ்டனின் நான்கு நட்சத்திர வீரர்களை அடுத்த வருசத்துக்குப் பேசி முடித்தவர். அதற்குத் தண்டனை வரப்போகிறது என்ற பயமும் புது லீக் தொடக்கியதற்கு ஒரு காரணம்.

ஆனாலும் அதே வருச முடிவில் அவர் செய்த ஒரு காரியத்தை நாங்கள் மதிக்கிறோம். நியூயோர்க் மியூச்சுவல்ஸும் பிலடெல்பியா அத்லெடிக்ஸும் காசில்லை என்று சொல்லி, செப்டெம்பரில் போக வேண்டிய மேற்குப் பயணத்தைக் கைவிட்டன. சிக்காகோ, சென்ட் லூயிஸ் எல்லாம் அந்த ஆட்டங்களுக்காகக் காத்திருந்தன. டிசம்பரில் லீக் இரண்டு கழகங்களையும் வெளியே போட்டது. நாட்டின் ஆகப் பெரிய இரண்டு நகரங்கள் அவை. ரிக்கற் விற்பனையை மட்டும் பார்க்கிற எவனும் அவற்றைக் கைவிட மாட்டான். 1883 வரை நஷனல் லீக்கில் நியூயோர்க் அணியும் இல்லை, பிலடெல்பியா அணியும் இல்லை. வருகிறேன் என்று சொன்ன இடத்துக்கு வர வேண்டும் என்ற ஒரே ஒரு கொள்கைக்காக ஆறு சீசன் அந்தச் சந்தையை விட்டுக்கொடுத்திருக்கிறார்கள். 1877இல் திகதிகளையும் லீக்கே போடத் தொடங்கியது. கடிதம் போட்டு மட்ச் பேசுகிற காலம் அதோடு சரி. பேஸ்போல் ஒரு தொழிலாக மாறியது எப்போது என்று கேட்டால், வீரர்களுக்குச் சம்பளம் கொடுக்கத் தொடங்கிய நாளைத்தான் பலர் சொல்லுவினம். எங்களைக் கேட்டால் இந்த வெளியேற்றத்தைச் சொல்லுவோம்.

இனி அந்த எண்களுக்கு வருவோம். எட்டுக் கழகங்கள் இருக்கும் லீக்கில் ஒரு அணிக்கு எதிரணிகள் ஏழு. 1879இல் 84 ஆட்டம், அதாவது ஏழு பேரோடும் 12. 1883இல் 98, ஆளுக்கு 14. 1884இல் 112, ஆளுக்கு 16. 1886இல் 126. 1888இல் 140. கடைசியாக 1904இல் 154, ஆளுக்கு 22. பெருக்கல் வாய்ப்பாடு! ஒவ்வொரு எதிரணியோடும் இரண்டு ஆட்டம் கூட்டுவார்கள், ஒன்று உள்ளூரில், ஒன்று வெளியூரில். இடையில் 12 கழகங்கள் இருந்த 1892இல் பதினொரு பேரோடும் 14 ஆட்டம் ஆடியபோதும் 154தான் வந்தது. 1961இல் அமெரிக்கன் லீக்கில் பத்துக் கழகங்கள் ஆனதும் ஒன்பது பேரோடு 18, ஆக 162. ஃப்ரிக் கட்டிப் பிடித்துக்கொண்டிருந்த எண்ணின் புனிதம் இவ்வளவுதான்.

கூட்டிக்கொண்டே போனது ஏன் என்பதும் ஒளித்து வைத்த இரகசியம் இல்லை. ஆட்டம் கூடினால் வாசலில் காசு கூடும். வீரருக்கோ சீசனுக்கு ஒரு சம்பளம்; 84 ஆட்டத்துக்கும் அதுதான், 112க்கும் அதுதான். வேறு கழகத்துக்குப் போய்விடுவேன் என்று மிரட்டவும் வழியில்லை. 1879இல் ஒவ்வொரு கழகமும் ஐந்து வீரர்களைத் தனக்கென்று ஒதுக்கி வைக்கலாம் என்று முதலாளிமார் தங்களுக்குள் ஒப்பந்தம் போட்டு, பிறகு அதை மெல்ல மெல்ல முழு அணிக்கும் விரித்துவிட்டார்கள். 1884இல் புரொவிடென்ஸ் அணியின் சார்ள்ஸ் ராட்போர்ன் என்ன செய்தார் என்று பாருங்கள். அணியின் மற்றப் பந்தெறியாளர் ஜூலையில் விட்டுவிட்டுப் போக, ராட்போர்ன் கிட்டத்தட்டத் தனியாளாக மீதிச் சீசனை எறிந்து முடித்தார். 112 ஆட்டத்தில் 73ஐ அவரே தொடங்கி, 73ஐயும் அவரே முடித்தார். 678 இன்னிங்ஸ். காலையில் தலை வாரக்கூடக் கையைத் தூக்க ஏலாமல் இருந்தது என்று ஒரு கதை இருக்கு. இதைச் சாதனை என்று கொண்டாடுகிறார்கள். எங்களுக்கு அது வேலை நேரம் பற்றிய ஆவணமாகத்தான் படுகுது.

சீசன் நீளும்போது சம்பளம் நீளவில்லை, சரி. சுருங்கினால்? 1918இல் முதலாம் உலகப் போர் காரணமாகச் சீசன் செப்டெம்பர் 2ஆம் திகதியோடு நிறுத்தப்பட்டது. உடனே கழகங்கள் வீரர்களை ஒப்பந்தத்திலிருந்து விடுவித்து, மீதிக் காலத்துச் சம்பளத்தைக் கொடுக்காமல் விட்டன. புரூக்ளின் வீரர் ஜேக் டோபேர்ட் வழக்குப் போட்டார். அடுத்த சீசனில் அவர் சின்சினாட்டி அணியில் இருந்தார். நாட்காட்டி நீண்டால் இலாபம் முதலாளிக்கு, குறைந்தால் நட்டம் வீரருக்கு. இதைப் புரிந்துகொள்ளப் பொருளியல் பட்டம் தேவையில்லை.

1899 கிளீவ்லண்ட் அணியின் கதையைச் சொல்லாமல் போக மனமில்லை. ரொபிசன் சகோதரர்கள் கையில் கிளீவ்லண்ட், சென்ட் லூயிஸ் என்று இரண்டு கழகங்கள். சை யங் உட்பட நல்ல ஆட்களை எல்லாம் சென்ட் லூயிஸுக்கு மாற்றிவிட்டு, மிச்சத்தைக் கிளீவ்லண்டில் விட்டார்கள். சனம் மைதானத்துக்கு வருவதை நிறுத்தியது. சீசன் முழுவதும் சேர்த்தே 6,088 பேர்தான் வந்தார்கள் என்பது கணக்கு. வாசல் காசில் கிடைக்கும் பங்கு ஹோட்டல் செலவுக்கே காணாது என்று மற்ற அணிகள் அந்தப் பக்கம் வர மறுத்தன. அட்டவணைப்படி பாதி ஆட்டம் உள்ளூரில் நடந்திருக்க வேண்டும். நடந்தது 42. மீதி 112ஐயும் வெளியூர் வெளியூராக அலைந்து ஆடினார்கள், அதில் 101 தோல்வி. மொத்தம் 20 வெற்றி, 134 தோல்வி. அந்த அணியைப் பார்த்துச் சிரிக்கிற கட்டுரைகள் எத்தனையோ உண்டு. 1876இல் பயணம் போகாத கழகத்தை வெளியேற்றின அதே லீக், 1899இல் கிளீவ்லண்டுக்குப் போக மாட்டோம் என்றவர்களைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தது. சிரிப்பதற்கு முன் அதையும் கேட்க வேணும். அடுத்த வருசம் லீக் பன்னிரண்டில் இருந்து எட்டாகக் குறைந்தது. வெட்டப்பட்டவற்றில் கிளீவ்லண்டும் ஒன்று.

கிளீவ்லண்டுக்கு நாட்காட்டியோடு என்ன பழைய பகையோ தெரியாது. 1908இல் அமெரிக்கன் லீக் பட்டியலைப் பாருங்கள்: டெட்ரொயிட் 90 வெற்றி, 63 தோல்வி. கிளீவ்லண்டின் புது அணி 90 வெற்றி, 64 தோல்வி. டெட்ரொயிட்டின் ஓர் ஆட்டம் மழையில் போனது. அதைத் திரும்ப ஆட வேண்டும் என்று விதி இல்லை. கிரிக்கெட்டில் என்றால் ஆளுக்கொரு புள்ளி கொடுத்து முடிப்பார்கள். பேஸ்போலில் வெற்றி வீதம்தான் கணக்கு. ஆடாத ஓர் ஆட்டத்தால் டெட்ரொயிட் சாம்பியன். அதே வருசம் நஷனல் லீக்கில், சிக்காகோவுக்கும் நியூயோர்க்குக்கும் செப்டெம்பர் 23இல் நடந்து சர்ச்சையில் சமநிலை என்று அறிவிக்கப்பட்ட ஆட்டத்தை ஒக்டோபர் 8ஆம் திகதி திரும்ப ஆடவைத்தார்கள். அதை வென்ற சிக்காகோ ஒரே ஓர் ஆட்ட வித்தியாசத்தில் பட்டத்தை எடுத்தது. ஒரு லீக்கில் ஆடித் தீர்த்தார்கள், மற்ற லீக்கில் மழை தீர்த்தது. பட்டத்தைப் பாதிக்கிற ஆட்டம் என்றால் கட்டாயம் ஆட வேண்டும் என்ற விதி அதற்குப் பிறகுதான் வந்தது.

இதுவரைக்கும் கழகம், வீரர் என்றே கதைத்தோம். பார்க்கிற சனத்துக்கு வருவோம். மின்விளக்கு இல்லாத காலம், ஆட்டம் பின்னேரம் மூன்று, நாலு மணிக்குத் தொடங்கும். தொழிற்சாலையில் வேலை செய்கிறவருக்குக் கிழமையில் ஆறு நாள் வேலை. மிஞ்சுவது ஞாயிறு. நஷனல் லீக் ஞாயிற்றுக்கிழமை ஆடாது. நுழைவு 50 சதம். அதாவது அட்டவணையையும் விலையையும் சேர்த்துப் பார்த்தால், யார் வர வேண்டாம் என்று தெளிவாகவே சொல்லியிருக்கிறார்கள். சின்சினாட்டிக் கழகம் மைதானத்தில் பியர் விற்றது, ஞாயிறுகளில் மைதானத்தை மற்றவர்களுக்கு வாடகைக்கு விட்டது. அதற்காக 1880இல் அதையும் வெளியேற்றினார்கள். அந்த நகரத்தவர்கள் சும்மா இருக்கவில்லை. 1882இல் அமெரிக்கன் அசோசியேஷன் என்ற போட்டி லீக் களமிறங்கியது: 25 சதம், பியர், சட்டம் விட்ட இடங்களில் ஞாயிறு ஆட்டம். பத்து வருசத்தில் அந்த லீக் போய்ச் சேர்ந்தாலும், 1892இல் அதன் நான்கு கழகங்களைச் சேர்த்துக்கொண்ட நஷனல் லீக் ஞாயிறு ஆட்டத்துக்கும் சம்மதிக்க வேண்டியிருந்தது. ஆனால் மாநிலச் சட்டங்கள் லேசில் இளகவில்லை. நியூயோர்க்கில் ஞாயிறு ஆட்டம் 1919இல்தான் சட்டபூர்வமானது. பொஸ்டனில் 1929. பிலடெல்பியாவிலும் பிட்ஸ்பேர்க்கிலும் 1934.

அடுத்த வருசம், 1935 மே 24 அன்று, பெரிய லீக்குகளின் முதல் இரவு ஆட்டம் மின்விளக்கு வெளிச்சத்தில் நடந்தது. நடந்த இடம் சின்சினாட்டி. பகல் முழுக்க வேலை செய்துவிட்டு வந்தவர்களும் பார்க்கக்கூடிய ஆட்டம். அந்த வருசம் அங்கே ஏழு இரவு ஆட்டங்கள் நடந்தன, எதிரணி ஒன்றுக்கு ஒன்று வீதம்.