புருஷன் பெண்டாட்டி சண்டையில் போலீஸுக்கு எவ்வளவு இடம்?

நாகர்கோவிலில் ஒரு வீட்டில் சண்டை முற்றினால் பெரியப்பா வந்து நிற்பார், பக்கத்து வீட்டு அக்கா கதவைத் தட்டுவார். நான் குடியிருக்கும் அலிபிரியில் தமிழ்க் குடும்பங்களுக்கு அந்த வசதி கிடையாது. அதனால் எடுத்த எடுப்பில் போலீஸ் ஸ்டேஷன்தான் நினைவுக்கு வருகிறது.

வங்கியில் இருப்பதால் அடுத்த காட்சியையும் பார்க்கிறேன். ஸ்டேஷனில் எழுதிய 'ராஜி' காகிதத்தைக் காட்டி, நகை லாக்கரைத் திறக்கச் சொல்வார்கள். அந்தக் காகிதத்தை வைத்து நாங்கள் ஒன்றும் செய்ய முடியாது. லாக்கர் யார் பெயரில் இருக்கிறதோ அவர் வரவேண்டும், இல்லையென்றால் கோர்ட் உத்தரவு வேண்டும்.

என் கருத்து இதுதான். அடியை நிறுத்துவதும், புகாரைப் பதிந்து விசாரிப்பதும் போலீஸ் வேலை. நகையைப் பங்கு பிரிப்பதும், யார் எந்த வீட்டில் இருப்பது என்று தீர்ப்புச் சொல்வதும் அவர்கள் வேலை இல்லை.

வரதட்சணைக் கொடுமைக்காக 1983-ல் 498-ஏ பிரிவு வந்தது. 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ம் பிரிவு. தண்டனை மூன்று வருஷம் வரை. 2014 ஜூலையில் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சில புள்ளிவிவரங்களை எடுத்துக் காட்டியது. 2012-ல் மட்டும் இந்தப் பிரிவில் கைதானவர்கள் 1,97,762 பேர், அதில் 47,951 பேர் பெண்கள். குற்றப்பத்திரிகை தாக்கலாவது 93.6 சதவீதம், தண்டனை கிடைப்பதோ 15 சதவீதம். அதனால் புகார் வந்தவுடன் கைது செய்யக்கூடாது, கைது ஏன் தேவை என்று காரணம் எழுத வேண்டும், தேவையில்லை என்றால் நோட்டீஸ் கொடுத்து வரவழைக்க வேண்டும் என்றது நீதிமன்றம். எண்பது வயது பாட்டியையும் கல்யாணமாகி வேறு ஊரில் இருக்கும் நாத்தனாரையும் ஜீப்பில் ஏற்றுவதைத் தடுக்க இது அவசியம்தான்.

ஆனால் '15 போக மீதி 85-ம் பொய்ப் புகார்' என்கிறார்களே, காமர்ஸ் படித்தவன் சொல்கிறேன், அந்தக் கணக்கு தப்பு. சாட்சி பின்வாங்கினாலும் விடுதலைதான், வெளியே சமாதானமாகி அந்தப் பெண்ணே மாற்றிச் சொன்னாலும் விடுதலைதான்.

வரம்பு கைதுக்கு மட்டும் இல்லை. 'அட்ஜஸ்ட் பண்ணிக்கோம்மா' என்று அடிபட்ட பெண்ணைத் திருப்பி அனுப்புவதும் வரம்பு மீறல்தான். கணவன் மனைவி வழக்குகளில் எஃப்.ஐ.ஆருக்கு முன் பூர்வாங்க விசாரணை செய்யலாம் என்று 2013-ல் லலிதா குமாரி வழக்கில் சொன்ன அதே நீதிமன்றம், அதைக் காலவரம்புக்குள் முடிக்கவும் சொன்னது. உத்தரப் பிரதேசத்துக்காக அலகாபாத் உயர் நீதிமன்றம் வகுத்த இரண்டு மாதக் காத்திருப்பு முறையை 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தொடரச் சொன்னது. எனக்கு இதில் உடன்பாடில்லை. கோபம் ஆற இரண்டு மாதம் கொடுக்கலாம், அடி வாங்குகிறவளை இரண்டு மாதம் காத்திரு என்று சொல்ல முடியுமா?

வெளியூரில் இருப்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை:

புருஷன் வீட்டிலிருந்து விரட்டப்பட்டு அம்மா வீட்டுக்குப் போன பெண், அந்த ஊரிலேயே புகார் கொடுக்கலாம். 2019-ல் ரூபாலி தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. தெலுங்கு தெரியாமல் திருப்பதியில் தவிக்க வேண்டியதில்லை.

தங்க இடம், பராமரிப்புப் பணம், நகை இவற்றுக்கு 2006 அக்டோபரில் அமலான குடும்ப வன்முறைச் சட்டம் இருக்கிறது. தற்காலிகமாகத் தங்கியிருக்கும் ஊரிலும் மாஜிஸ்திரேட்டிடம் மனு போடலாம்.

உயிருக்கு ஆபத்து என்றால் யோசிக்காமல் 112. ஆலோசனைக்கும் உதவிக்கும் 181.

பெண்ணைக் கட்டிக்கொடுத்து வெளியூர் அனுப்பும் பெற்றோர் சீர்வரிசைப் பட்டியல் எழுதுகிற அன்றே இதையும் சொல்லி அனுப்புங்கள். பையனைப் பெற்றவர்களும் அவனுக்குச் சொல்லுங்கள். மாற்றுக் கருத்து இருந்தால் தாராளமாகச் சொல்லலாம்.