மரம் கொல்வதில்லை, பார்க்காமல் விட்டவர்கள்தான் கொல்கிறார்கள்!

வடமதுரை ஒன்றியத் தோழர்களே!

ஆடிக்காத்துல அம்மியே பறக்கும்னு நம்ம ஊர்ல சொல்வாங்க. அதைச் சொல்லியே ஒவ்வொரு வருசமும் நம்ம தலையில் ஒரு பொய்யைக் கட்டுறாங்க. மரம் விழுந்து ஆள் செத்தா உடனே ஒரு வார்த்தை ரெடியா இருக்கு: இயற்கைச் சீற்றம். ஒரு மாலை, ஒரு இரங்கல், ஒரு நிவாரணக் காசோலை. கதை முடிஞ்சது.

நாம் கேட்பது ஒரே கேள்வி. காற்று எல்லா மரத்துக்கும்தானே அடிக்குது? வரிசையா நிற்கும் பத்துப் புளியமரத்துல ஒன்று மட்டும் ஏன் விழுது?

2022 ஜூன் 24. சென்னை கே.கே. நகர். போய்க்கொண்டிருந்த கார் மேல் மரம் சாய்ந்து, உள்ளே இருந்த வங்கி மேலாளர் ஒருவர் இறந்தார். பக்கத்தில் வடிகாலுக்குப் பள்ளம் தோண்டியதுதான் காரணம் என்றார்கள் மக்கள். இல்லை என்றது மாநகராட்சி.

சரியாக 14 நாள் கழித்து, ஜூலை 8. சண்டிகரில் ஒரு பள்ளிக்கூட வளாகம். பாரம்பரிய மரம் என்று அரசே அறிவித்துப் பாதுகாத்த மரம் விழுந்து ஒரு மாணவி இறந்தார். பல பிள்ளைகளுக்குக் காயம். பலகை மாட்டினால் போதுமா? அடித்தூரைப் பார்க்க வேண்டாமா?

2023 அக்டோபர் 6. கொழும்பு கொள்ளுப்பிட்டி. ஓடும் பேருந்து மேல் மரம் விழுந்து ஐந்து பேர் இறந்தார்கள்.

மூன்று ஊர். மூன்று இடத்திலும் மரம் நின்றது மக்கள் நடமாடும் இடத்தில். அங்கே நிற்கும் மரத்தைப் பார்த்துக்கொள்வது யாருடைய வேலை?

தோழர்களே, பெரும்பாலும் மரம் சொல்லாமல் விழாது. பல வருசமா சொல்லிக்கிட்டேதான் இருக்கும். படிக்கத் தெரியணும், அவ்வளவுதான்.

🔴 இலை இல்லாமல் பட்டுப்போய் மேலே தொங்கும் கிளை. காத்தே வேண்டாம், சும்மாவே விழும்.

🔴 கவட்டையில் விரிசல். இரண்டு பெரிய கிளை நெருக்கமா, பட்டை உள்ளே மடங்கிப் பிரிந்தால், அந்த இணைப்பு பலமில்லாதது.

🔴 அடித்தூரில் காளான். வெளியே காளான் தெரியுதுன்னா உள்ளே கட்டை அழுக ஆரம்பிச்சு ரொம்ப நாளாச்சு.

🔴 புதுசா சாய்ந்த மரம். சின்னதிலிருந்தே சாய்ந்து, நுனி மறுபடி நிமிர்ந்து வளர்ந்த மரம் தாங்கும். நேற்று நேராக நின்று, இன்று சாய்ந்து, வேரடியில் மண் வெடித்திருந்தால் அந்தப் பக்கமே போகாதீங்க.

🔴 அறுபட்ட வேர். குழாய்க்கும் வடிகாலுக்கும் கேபிளுக்கும் ஜேசிபி வைத்துத் தோண்டிவிட்டு மண்ணை மூடிட்டுப் போயிடுறாங்க. மேலே பச்சையா இருக்கும். கீழே பிடிமானம் இருக்காது.

🔴 பொந்து. பொந்து இருந்தாலே வெட்டணும்னு இல்லை. கொட்டாப்புளியால் சுற்றித் தட்டினால் எங்கே வெற்றுச் சத்தம் கேட்குதோ அங்கே உள்ளே காலி. 30 அங்குலம் குறுக்களவு உள்ள மரத்தில் சுற்றிலும் 5 அங்குலமாவது நல்ல கட்டை வேணும். அதற்குக் குறைந்தால் ஆபத்து. பொந்து வெளியே வாய் திறந்திருந்தால் இன்னும் கூடுதலா வேணும்.

பலாப்பழத்தைக்கூட தட்டிப் பார்த்து வாங்குற மக்கள் நாம். முருங்கைக் கிளையில் பிள்ளையை ஏற விடாத மக்கள். பஸ் ஸ்டாப்புக்கு மேலே நிற்கும் மரத்தைத் தட்டிப் பார்க்க மட்டும் ஒரு அதிகாரிக்கும் நேரம் இல்லையா?

இங்கேதான் அடுத்த கூட்டம் வரும். "அப்போ எல்லாத்தையும் வெட்டிடலாமே!" ஆபத்துன்னு ஒரு பேரைச் சொல்லி நல்ல மரத்தையும் சேர்த்து லாரியில் ஏற்றும் கூட்டம். நான்குவழிச் சாலை வந்தப்போ நம்ம பாட்டன் காலத்துப் புளியமரங்கள் போனதைப் பார்த்தவங்க நாம். அந்த வலி இன்னும் ஆறலை.

அவங்களுக்கும் சொல்றோம்: குறை இருந்தால் மட்டும் ஆபத்து இல்லை. விழுந்தால் யார் மேல் விழும் என்பதையும் சேர்த்துப் பார்க்கணும். காட்டுக்குள் நிற்கும் பொந்து மரம் கிளிக்கு வீடு. அதே மரம் பள்ளிக்கூட வாசலில் நின்றால்தான் பிரச்சினை. அதற்கும் முதல் மருந்து கோடாரி இல்லை. பட்ட கிளையை மட்டும் எடு. நிழற்குடையைத் தள்ளி வை. வேறு வழியே இல்லைன்னா மட்டும் வெட்டு. மரத்தை மொட்டையடிப்பது வைத்தியம் இல்லை. வெட்டிய முனை அழுகும், அதில் வெடிக்கும் புதுக் கிளை பலமா ஒட்டாது. இன்றைக்கு மொட்டையடித்தவன் நாளைய விபத்தை நட்டுட்டுப் போறான்.

2018-ல் கஜா புயல் நம்ம மாவட்டம் வழியாத்தான் போனது. கொடைக்கானல் சாலைகளில் மரங்கள் விழுந்து கிடந்ததை மறந்துட்டோமா? அடுத்த புயல் தேதி சொல்லிட்டு வராது.

நமது கோரிக்கைகள்:

1. ஆடிக்கு முன் ஒரு முறை, ஐப்பசி மழைக்கு முன் ஒரு முறை, சாலை, பள்ளி, சந்தை, பஸ் ஸ்டாப், கோயில் தேரோடும் வீதி மரங்கள் எல்லாவற்றையும் ஆய்வு செய்.

2. மரத்துக்கு எண் கொடு. என்ன குறை, என்ன நடவடிக்கை, யார் கையெழுத்து என்று பதிவேடு வை. மக்கள் பார்க்க வெளியிடு.

3. வேரை அறுக்கும் ஒப்பந்ததாரரிடம் இழப்பீடு வாங்கு. அடித்தூரில் குப்பை எரிப்பதையும் ஆணி அடிப்பதையும் நிறுத்து.

4. தூரைச் சுற்றி ஒரு மீட்டருக்கு கான்கிரீட்டை உடைத்து எடு. டெல்லிக்கு 2013-லேயே தேசிய பசுமைத் தீர்ப்பாயம் சொன்னது இது. வடமதுரை மரத்துக்கு மட்டும் மூச்சு வேண்டாமா?

5. வெட்டியே ஆகணும் என்றால், ஆட்சியர் தலைமையிலான மாவட்ட பசுமைக் குழு வழியாக, காரணம் எழுதி வெட்டு. ஒன்றுக்குப் பத்தாக நடு.

தோழர்களே, லைக் போட்டுட்டு நகர்ந்துடாதீங்க. நாளைக்குக் காலையில் உங்க தெரு மரத்தைச் சுற்றி ஒரு நடை நடங்க. குறை தெரிந்தால் தேதியோட போட்டோ எடுத்து, எழுத்துப்பூர்வமா மனு கொடுத்து ரசீது வாங்குங்க. பதில் இல்லையா? 10 ரூபாய் கட்டி தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்க. 30 நாளில் பதில் சொல்லியே ஆகணும். கையில் அந்த ரசீது இருந்தால், அப்புறம் எவனும் இயற்கைச் சீற்றம்னு சொல்லித் தப்ப முடியாது.

மரமும் வாழணும். அதன் நிழலில் நிற்கிற மனுசனும் வாழணும்!

பகிருங்கள்!

#மரத்தைப்_பார் #உயிரைக்_கா #வடமதுரை

வடமதுரை ஒன்றியம், தகவல் தொழில்நுட்ப அணி