சோழியில் ஓடிய கணக்கு

அல்காரிதம் எனும் நெறிமுறையின் வரலாற்றை நடத்தும்போது, பாபிலோனியக் களிமண் பலகை ஒன்றைக் காட்டி, அல் குவாரிஸ்மியின் பெயரைச் சொல்லி, நேரே கணினிக்குத் தாவிவிடுகிறோம். ஏலப்பாறை, பீர்மேடு வட்டாரத்துத் தமிழ்வழி வகுப்புகளில் கணிதம் நடத்தும் ஆசிரியர்களுக்கு எங்கள் வேண்டுகோள் ஒன்றுதான்: இடையில் விடுபட்ட பஞ்சாங்கக் கணிதத்தையும் கரும்பலகைக்குக் கொண்டுவாருங்கள்.

கி.மு. 1800-1600 காலத்துப் பாபிலோனியப் பலகைகளில் சூத்திரம் கிடையாது. எண்ணை எடுத்து, இதைப் பெருக்கு, அதைக் கழி என்று படிப்படியாகச் சொல்லி, இதுவே செய்முறை என்று முடிப்பார்கள். இவை நெறிமுறைகளே என்று 1972இல் எடுத்துக்காட்டினார் கணினி அறிஞர் டொனால்ட் குனூத்.

கி.மு. கடைசி நூற்றாண்டுகளில் அதே மரபு நிலவைக் கணித்தது. நிலவின் நாள் வேகம் குறைந்த அளவில் 11 பாகை 6 கலை 35 விகலை. கூடிய அளவில் 15 பாகை 14 கலை 35 விகலை. நாளுக்கு 18 கலை வீதம் ஏறி, உச்சம் தொட்டு, அதே வீதத்தில் இறங்கும். ஒரு பாகைக்கு 60 கலை, ஒரு கலைக்கு 60 விகலை என்பதால் இரண்டுக்கும் வித்தியாசம் 248 கலை. ஏறி இறங்க 496 கலை. 18ஆல் வகுத்தால் 27 5/9 நாள். ஒன்பது சுற்று சேர்ந்தால் சரியாக 248 நாள். எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கும் எட்டும் கணக்கு இது.

இதே 248 மேற்குத் தொடர்ச்சி மலையின் இருபுறமும் வழங்கியது. வரருசி பெயரால் அறியப்படும் சந்திர வாக்கியங்கள் 248. எழுத்துக்கு எண் வைத்து, நாளுக்கொரு வாக்கியமாக நிலவின் இடத்தை மனப்பாடத்தில் கட்டிவைத்தார்கள். முதல் நாளுக்கு 12 பாகை 3 கலை, இரண்டாம் நாளுக்கு 24 பாகை 9 கலை. கணிப்பவர் கலி நாள் எண்ணிலிருந்து, அதாவது கலியுகத் தொடக்கம் முதல் கழிந்த நாள்களின் எண்ணிக்கையிலிருந்து, 16,00,984ஐக் கழிப்பார். மிச்சத்தை 12,372ஆல், அதன் மிச்சத்தை 3,031ஆல், அதன் மிச்சத்தை 248ஆல் வகுப்பார். கடைசி மிச்சமே வாக்கியத்தின் எண். ஒவ்வொரு ஈவுக்கும் உரிய துருவம் எனும் நிலையான அளவைக் கூட்டிக்கொண்டால் நிலவின் இடம் கிடைத்துவிடும்.

ஏன் இத்தனை வகுத்தல்? 248 நாள், ஒன்பது சுற்றைவிட ஏறத்தாழ 13 நிமிடம் கூடுதல். 110 சுற்றுக்கு 3,031 நாள் என்று கொண்டால் பிழை ஒரு நிமிடத்துக்கும் குறைவு. சிறு சுழற்சியின் பிழையைப் பெரிய சுழற்சி தாங்குகிறது. மாணவர் கற்க வேண்டிய பாடம் இங்கே இருக்கிறது.

புதுச்சேரியில் தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் சோழிகளைத் தரையில் பரப்பி, மனப்பாட வாய்பாடுகளைக் கொண்டே 1825 மே 31 - ஜூன் 1 சந்திர கிரகணத்தைக் கணித்ததை, இந்திய நாட்காட்டி முறைகளை ஆராய்ந்த ஜான் வாரன் பதிவு செய்தார். தொடக்கத்தில் 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52 நிமிடப் பிழை. கணித்தவருக்குக் கோட்பாடு தெரியாது; முறை தெரிந்திருந்தது. 1952இல் அறிவியல் வரலாற்றாளர் ஓட்டோ நொய்கபவர் இந்தப் பதிவை ஆராய்ந்து, பாபிலோனிய வகை எண்கணிப்பு 19ஆம் நூற்றாண்டிலும் தமிழரிடையே உயிரோடிருந்ததற்குச் சான்றாகக் கண்டார். எகிப்தின் கிரேக்கப் பாப்பிரஸ் ஏடுகளிலும் 248, 3,031 என்ற எண்கள் இருக்கின்றன.

எனவே எல்லாம் நம்முடையது என்று வகுப்பில் முழங்கத் தேவையில்லை. வந்த கணக்கை வாங்கிக்கொண்டதில் குறைவு ஒன்றுமில்லை. காகிதமே இல்லாமல் அதை ஓடவைத்தது இந்த மண்ணின் திறமை. 14-15ஆம் நூற்றாண்டுகளில் வாழ்ந்த கணித அறிஞர் சங்கமகிராம மாதவர் வாக்கியங்களை விகலை வரை நுணுக்கித் திருத்தியது அதனினும் பெரியது.

முறையை ஒப்பிக்கும் பிள்ளைகள் நம்மிடம் நிறைய உண்டு. அது எங்கே பிசகும் என்று கேட்கும் பிள்ளைகளை உருவாக்குவதே நம் வேலை. இந்தப் பருவத்தில் ஒரு வகுப்பையாவது இதற்கு ஒதுக்குங்கள். மூன்று சுழற்சிகளையும் மாணவரே வகுத்துப் பார்க்கட்டும். பிழையையும் அவர்களே அளந்து சொல்லட்டும்.